மௌனத்துக்கு நான் கொடுத்த டப்பிங்

கொஞ்சம் அப்படியே இருங்கக்கா, நகராதீங்க. உங்க தோள் மறைவு எனக்கு வேணும். அதோ, டிரைவருக்குப் பின்னால மூணாவது சீட்டு, ஜன்னலோரம், பாசிப்பச்சைப் புடவை. பாத்தாச்சா? பாத்ததும் திரும்பிக்கோங்க. அது எங்கம்மா. என்கிட்ட பேசி இன்னியோட பத்தொன்பது நாள்.

சண்டை கிண்டை எதுவும் இல்ல. திட்டியிருந்தா நல்லா இருந்திருக்கும். அம்மா திட்டினா நான் அதே குரல்ல அதே திட்டைத் திருப்பித் திட்டுவேன், ரெண்டாவது வரியிலேயே அவங்களுக்குச் சிரிப்பு வந்துரும். இத்தனை வருஷம் அப்படித்தான் ஓடிச்சு. இப்ப தட்டுல தோசை விழுது. எத்தனை வேணும்னு கேள்வி இல்ல. மூணு விழுந்ததும் அடுப்பு அணையுது. அவ்ளோதான் எங்க பேச்சுவார்த்தை.

இத்தனைக்கும் நான் செஞ்சது என்ன? கைத்தட்டல் வாங்கினேன். ஒரு மண்டபம் முழுக்க. அதுவும் மொராக்கோ நாட்டிலேருந்து வந்த ஒரு பெரிய டைரக்டரம்மா முன்னாடி. நீங்க அதிராம்பட்டினம்தானே போறீங்க? அப்ப நேரம் இருக்கு. முழுசாக் கேட்டுட்டு, தப்பு யார் மேலன்னு நீங்களே சொல்லுங்க.

என் பேர் சுடர்க்கொடி. பிளஸ் ஒன். யார் குரல் காதுல விழுந்தாலும் சாயங்காலத்துக்குள்ள அது என் தொண்டைக்கு வந்துரும். எங்க ஹெட்மிஸ்ட்ரஸ் ரெஜினா மிஸ் குரல்ல ஒருநாள் ஸ்கூல் மைக்ல, "மாணவியர் கவனத்திற்கு, பலத்த மழை எச்சரிக்கை இருப்பதால் பள்ளிக்கு அரைநாள் விடுமுறை"ன்னு சொன்னேன். வெளியில வெயில் மண்டையைப் பிளக்குது. எல்லாரும் கிளம்பிப் போயிட்டாங்க. ரெஜினா மிஸ்ஸும் குடையை எடுத்துக்கிட்டு கிளம்பிட்டாங்க. மறுநாள்தான் அவங்களுக்குச் சந்தேகம் வந்தது.

சரி, விஷயத்துக்கு வர்றேன். எங்கப்பா இளங்குமரன். பட்டுக்கோட்டையில எங்க வீட்டு முன்பக்கம்தான் அச்சகம். கல்யாணப் பத்திரிகை, காதுகுத்துப் பத்திரிகை, கண்ணீர் அஞ்சலி. ஆனா அது வயித்துக்கு. உயிர் எதுன்னு கேட்டா கீற்றொளி திரைப்படக் கழகம். அப்பா செயலாளர். மாசம் ஒரு உலகப் படம் போடுவாங்க. படத்துக்கு முன்னாடி ஒரு வாரமும் பின்னாடி ஒரு வாரமும் எங்க வீட்டு முன்னறையில விவாதம். அப்பா குரல் இப்படி இருக்கும்: "தோழர், வீட்டுக்குள்ள நடக்கிற பெண் உழைப்பு இருக்கு பாருங்க, அது கண்ணுக்கே தெரியாத உழைப்பு... செண்பகம், ஏழு காபி!" ரெண்டுக்கும் நடுவுல மூச்சுகூட விடமாட்டார்.

செண்பகம்தான் எங்கம்மா. காபி வரும். ஏழும் வரும்.

கழகத் தலைவர் பேராசிரியர் அமிர்தகடேசன். இவர் இல்லாம என் கதை இல்ல. எங்க ஊர்ல சப்டைட்டில் படிச்சுப் படம் பாக்கறவங்க ரொம்பக் கம்மி. படிச்சு முடிக்கறதுக்குள்ள மாறிருதுன்னு பாதியில எழுந்து போயிருவாங்க. அதனால கழகத்துல ஒரு வழக்கம். புரொஜக்டர் பக்கத்துல ஒரு நாற்காலி, ஒரு மைக். படம் ஓட ஓட ஒருத்தர் தமிழ்ல சொல்லிக்கிட்டே வரணும். அந்த நாற்காலி பேராசிரியருக்குன்னே செஞ்ச மாதிரி. திரையில ஒருத்தன் ஓடுவான். இவர் சொல்வார்: "இப்போது அவன் ஓடுகிறான்." ஒரு பொண்ணு அழும். "இப்போது அவள் சொல்லொணா வேதனையுறுகிறாள்." முத்தம் கொடுத்தா மட்டும் மைக்கைக் கொஞ்சம் தள்ளி வச்சு இருமுவார்.

அந்த டைரக்டரம்மா பேர் கென்ஸா வஸ்ஸானி. அறுபத்திரண்டு வயசு. முப்பத்தாறு வருஷத்துல அஞ்சு படம், அஞ்சும் பொம்பளைங்க வாழ்க்கை. கேரளாவுல ஏதோ விழாவுக்கு வர்றாங்கன்னு தெரிஞ்சதும் அப்பா பதினாலு மெயில் போட்டார். "எங்கள் நகரத்துப் பெண்கள் உங்கள் படங்களுக்காகக் காத்திருக்கிறார்கள்." அந்த மெயிலை இங்கிலீஷ்ல டைப் பண்ணிக் கொடுத்தது அம்மா. பாவம், அந்த டைரக்டரம்மா நம்பி வந்துட்டாங்க.

வந்து மண்டபத்துல பாத்தா நூத்தம்பது ஆம்பளைங்க. பெண்கள்னு பாத்தா காலேஜ்லேருந்து ரெண்டு பேர், அட்டெண்டன்ஸ் கொடுக்கறாங்கன்னு வந்தவங்க. ஒரு போலீஸ் அக்கா, பந்தோபஸ்து. அப்புறம் நான். மத்த பெண்கள் எல்லாம் எங்கேன்னு கேட்டீங்களா? அந்தம்மாவும் அதைத்தான் கேட்டாங்க. பேராசிரியர் கையைப் பின்பக்கம் காட்டி, "பங்கேற்கிறார்கள், பங்கேற்கிறார்கள்"ன்னார். பின்பக்கம் மண்டபத்துச் சமையல்கட்டு. கழகத் தோழர்களோட வீட்டம்மாக்கள் அஞ்சு பேர் நூத்தம்பது பேருக்கு சாம்பார் சாதம் கிளறிக்கிட்டு இருந்தாங்க. எங்கம்மாதான் தலைமை.

காலையில பேச்சு. வரிசையா ஒன்பது பேர். ஒவ்வொருத்தரும் ஒரு பொன்னாடை. எல்லாரும் பேசின தலைப்பு 'திரையில் பெண்குரல்'. ஒன்பதும் ஆண்குரல்க்கா. நான் கடைசி வரிசையில உக்காந்து ஒவ்வொருத்தரையா தொண்டைக்குள்ள இறக்கிக்கிட்டு இருந்தேன்.

அப்புறம்தான் டைரக்டரம்மா. கட்டையா நரைச்ச முடி, கால்ல கேன்வாஸ் ஷூ. நம்மள மாதிரிதான் மெதுவா இங்கிலீஷ் பேசினாங்க. பேராசிரியர் மொழிபெயர்ப்பு. முதல் படம் எடுக்கும்போது அவங்களுக்கு இருபத்தாறு வயசாம். அவங்க ஊர்ல தெருவுக்கு ஒரு பொது அடுப்பு உண்டு. வீட்டுல பொம்பளைங்க மாவு பிசைஞ்சு, அடையாளம் தெரியறதுக்கு வீட்டுக்கு ஒரு குறி போட்டு, பலகையில வச்சு அனுப்பிருவாங்க. சுட்டு ரொட்டியா திரும்பி வரும். அந்த அடுப்பை ஒருநாளும் நேர்ல பாக்காத பொம்பளைங்களைப் பத்தித்தான் படம். "எங்கம்மா நாப்பது வருஷம் மாவு அனுப்பினாங்க. அடுப்பு எந்தப் பக்கம்னு கேட்டா அவங்களுக்குத் தெரியாது"ன்னாங்க. எனக்கே புரிஞ்சுது. பேராசிரியர் எழுந்து, "அடுப்பு என்பது ஒரு குறியீடு"ன்னு ஆரம்பிச்சு பத்து நிமிஷம் பேசினார்.

ரெண்டாவது படத்துக்கு ஒன்பது வருஷம் ஆச்சாம். ஏன் அவ்ளோ நாள்னு ஒருத்தர் கேட்டார். அந்தம்மா சொன்னது இவ்ளோதான்: "ரெண்டு குழந்தைங்க. மாமியாருக்கு இடுப்பு எலும்பு உடைஞ்சு போச்சு." பேராசிரியர் கண்ணை மூடிக்கிட்டார். "அம்மையார் கூறுகிறார்: ஒன்பது ஆண்டுகள் நான் கலையின் கருவறையில் தவமிருந்தேன்." கைத்தட்டல் தூள் பறந்துச்சு. அந்தம்மா மிரண்டு போய்ப் பாத்தாங்க. மாமியார் இடுப்பு உடைஞ்சதுக்கு ஏன் இப்படிக் கைதட்டுறாங்கன்னு நினைச்சிருப்பாங்க.

மூணாவது படம் மத்தி மீனை டப்பாவுல அடைக்கிற கம்பெனிப் பொம்பளைங்க. நாலாவது, விவாகரத்துக்காகக் கோர்ட்டு பெஞ்சுல வருஷக்கணக்கா உக்காந்திருக்கிற பொம்பளைங்க. ஒவ்வொண்ணுக்கும் அவங்க ரெண்டு வரி, இவர் இருபது வரி. மதியம் ஒரு மணிக்கு பேராசிரியர் தொண்டை பட்டுனு நின்னு போச்சு. வாயைத் திறந்தா காத்துதான் வருது. அடுத்து அஞ்சாவது படம் போடணும். படத்துல பிரெஞ்சு சப்டைட்டில். நாற்காலி காலி.

அப்பா என்னைப் பாத்தார். ஸ்கூல்ல ரெஜினா மிஸ் விஷயத்துக்காக என்னை நாலு நாள் சஸ்பெண்ட் பண்ணினப்ப, "இந்தத் தொண்டையை வச்சுக்கிட்டு நீ உருப்படவே மாட்ட"ன்னு சொன்ன அதே அப்பா. "சுடர்மா, தோழர்கள் எல்லாரும் உன்னைத்தான் நம்பியிருக்காங்க"ன்னார்.

டைரக்டரம்மா வசனத்தை எழுதின தாளைக் கொடுத்தாங்க. ரெண்டே பக்கம். இங்கிலீஷ். கூட இருந்த காலேஜ் அக்கா எனக்குத் தமிழ்ல எழுதிக் கொடுத்தாங்க. கதை சின்னதுதான். ஒரு வீடு. முன்னறையில புருஷனும் அவன் கூட்டாளிகளும் நாட்டு விடுதலை பத்திப் பேசறாங்க. அவ சமைக்கிறா, கொண்டு போறா, தட்டை எடுக்கறா, திரும்பச் சமைக்கிறா. நான் புருஷனுக்கு அப்பா குரலைப் போட்டேன். கூட்டாளிக்கு பேராசிரியர் குரல். மாமியாருக்கு ரெஜினா மிஸ். மண்டபம் அதிருதுக்கா! பேராசிரியரே கையைக் கையைத் தட்டறார், தொண்டைதான் இல்லியே. அப்பா பக்கத்துல இருக்கறவர் தொடையைத் தட்டி, "நம்ம பொண்ணு, நம்ம பொண்ணு"ங்கறார். அவர் குரல்தான்னு அவருக்குத் தெரியல.

அப்பதான் அந்த இடம் வந்துச்சு.

அந்தப் பொண்ணு சமையல்கட்டுக் கதவைச் சாத்தறா. ஒரு ஸ்டூல்ல உக்கார்றா. அவ்ளோதான். உக்காந்தே இருக்கா. சுவத்தைப் பாக்குறா. கேமராவும் நகரல. தாள்ல என்ன போட்டிருக்கு? "இங்கே பதினொரு நிமிடம் மௌனம். எதுவும் சொல்ல வேண்டாம்." நான் அதையே பேராசிரியர் குரல்ல, "இங்கே பதினொரு நிமிடம் மௌனம்"னு படிச்சேன். நல்ல சிரிப்பு.

ஒரு நிமிஷம் போச்சு. ரெண்டு நிமிஷம் போச்சு. ஆளாளுக்கு இருமுறாங்க. நாற்காலி கிரீச்சிடுது. ஒருத்தர், "கரண்டு போயிடுச்சா?"ன்னார். அப்பாவுக்கு வியர்த்துருச்சு. இருட்டுல என்னைப் பாத்துக் கையை ஆட்டறார்: எதையாவது சொல்லு, எதையாவது சொல்லு. இதை நல்லா ஞாபகம் வச்சுக்கோங்கக்கா. நானா ஆரம்பிக்கல. உத்தரவு வந்துச்சு.

அந்தப் பொண்ணுக்கு என்ன குரல் கொடுக்கறதுன்னு யோசிக்கவே இல்ல. எங்கம்மா மாதிரியே உக்காந்திருந்தா.

புரியலையா? இருங்க. எங்க வீட்டுல தெனமும் மதியம் ரெண்டு மணிக்கு அம்மா சமையல்கட்டுக் கதவைச் சாத்தி உள்தாழ்ப்பாள் போட்டுருவாங்க. ரெண்டரைக்குத்தான் திறப்பாங்க. உள்ள பாத்திரச் சத்தம் கேட்டுக்கிட்டே இருக்கும். பலகாரம் கிலகாரம் ஏதோ பெரிய வேலை நடக்குதுன்னு எல்லாரும் நினைச்சுக்குவோம். ஒருநாள் கொல்லைப்பக்கம் ஸ்டூல் போட்டு ஏறி வென்டிலேட்டர் வழியா எட்டிப் பாத்தேன். அடுப்பு அணைஞ்சிருக்கு. அம்மா அரிசி டின் மேல உக்காந்து காலை நீட்டிக்கிட்டு சுவத்தைப் பாத்துக்கிட்டு இருக்காங்க. ஒண்ணும் பண்ணல. அஞ்சு நிமிஷத்துக்கு ஒருதரம், கண்ணைச் சுவத்துலேருந்து எடுக்காமலே, கையை நீட்டி ஒரு கரண்டியை எடுத்து காலிப் பாத்திரத்துல 'டொங்'னு ஒரு தட்டு. முன்னறையிலேருந்து அப்பா, "செண்பகம்!"னு கூப்பிட்டா, "தோ, அடுப்புல இருக்கு!" திரும்ப சுவரு. திரும்ப 'டொங்'.

எனக்குச் சிரிப்பு தாங்கல. ஸ்டூல்லேருந்து விழப் பாத்தேன். எனக்கு இந்தக் குறும்பு யார்கிட்டயிருந்து வந்துச்சுன்னு அன்னிக்குத்தான் தெரிஞ்சுது. நானாவது ஒருநாள்தான் ஸ்கூலை ஏமாத்தினேன். அம்மா வருஷக்கணக்கா ஊரையே ஏமாத்தியிருக்காங்க. எவ்ளோ பெரிய கலைஞர்! அதை யார்கிட்டயும் சொல்லாம மனசுக்குள்ளயே வச்சிருந்தேன்.

மண்டபத்துல அதை எடுத்து விட்டேன். மைக்கை நாக்கோட ஒட்டி வச்சு ஒரு 'டொங்'. அப்பா குரல்ல "செண்ப..."ன்னு வாயில வந்ததை முழுங்கிட்டு, "ஏய், காபி!"ன்னேன். அம்மா குரல்ல, "தோ, அடுப்புல இருக்கு!" ஜனம் உருளுதுக்கா. திரையில அந்தப் பொண்ணு அசையாம உக்காந்திருக்கா, இங்க 'டொங்'. அப்புறம் அம்மா சில நேரம் வாய்க்குள்ள முனகுவாங்க, அதையும் விட்டேன்: "பேசுங்க, நல்லாப் பேசுங்க. விடுதலைக்குத் தொட்டுக்கச் சட்னி அரைக்கணும்னா சொல்லுங்க. கதவைத் தட்டாம இருந்தாப் போதும். இன்னும் பத்து நிமிஷம். யாரும் என்னைக் கூப்பிடாத பத்து நிமிஷம்."

சத்தம் கேட்டுப் பின்பக்கத்துலேருந்து அஞ்சு வீட்டம்மாக்களும் வாசல்ல வந்து நின்னாங்க. அவங்களும் முதல்ல நல்லாத்தான் சிரிச்சாங்க. அப்புறம் ஒவ்வொருத்தரா நிறுத்திட்டாங்க. கரண்டியைப் பிடிச்சுக்கிட்டு திரையைப் பாக்கறாங்க. நடுவுல அம்மா, கையில மோர் வாளி.

அப்பாதான் எல்லாரையும் விடச் சத்தமா சிரிச்சுக்கிட்டு இருந்தார். மூணாவது 'டொங்'குல நின்னுருச்சு. எங்க வீட்டுப் பித்தளைப் பாத்திரம் அது, சத்தமே தனி. மெதுவாத் திரும்பி வாசல்ல நின்ன அம்மாவைப் பாத்தார். அம்மா வாளியைக் கீழ வச்சுட்டு உள்ள போயிட்டாங்க.

படம் முடிஞ்சதும் எல்லாரும் எழுந்து நின்னு கைதட்டினாங்க. டைரக்டரம்மாவுக்கு ஒண்ணும் புரியல. அந்தப் படத்தை எத்தனையோ நாட்டுல போட்டிருக்காங்களாம், அந்த இடத்துல யாரும் மூச்சுகூட விட்டதில்லையாம். என்னைக் கூப்பிட்டு, "நான் எதுவும் சொல்ல வேண்டாம்னு எழுதியிருந்த இடத்துல நீ என்ன சொன்ன?"ன்னு கேட்டாங்க. நான் பெருமையா, "மை மதர்"னேன். "எங்கம்மாவை எடுத்துப் போட்டேன்"ங்கறதை எனக்குத் தெரிஞ்ச இங்கிலீஷ்ல சொன்னேன், கரண்டி, டின், தாழ்ப்பாள் எல்லாத்தையும். ஒவ்வொண்ணா சொல்லச் சொல்ல அவங்க முகம் என்னமோ மாதிரி ஆச்சு. "யாரு உன் அம்மா?"ன்னாங்க.

கூட்டிக்கிட்டுப் போய்க் காட்டினேன். அம்மா பின்னாடி குழாயடியில டம்ளர் கழுவிக்கிட்டு இருந்தாங்க. டைரக்டரம்மா ஒரு வாளியைக் கவுத்துப் போட்டு பக்கத்துல உக்காந்தாங்க. கழுத்துல கிடந்த ஒன்பது பொன்னாடையையும் எடுத்து மடிச்சு ஓரமா வச்சுட்டு ஒரு டம்ளரை எடுத்துக் கழுவ ஆரம்பிச்சுட்டாங்க. அம்மா வேண்டாம்னு சொல்லல. ரெண்டு பேரும் பேசல. எனக்குத்தான் சங்கடமா இருந்துச்சு, அவ்ளோ பெரிய ஆளு. நடுவுல ஏதாவது சொல்லி வைக்கலாம்னு, "மேடம், அந்த சீனை எங்க எடுத்தீங்க?"ன்னு கேட்டேன்.

"என் தங்கச்சி வீட்டுச் சமையல்கட்டுல"ன்னாங்க. அவங்க தங்கச்சி தெனமும் அப்படி உக்காருவாங்களாம். ஒருநாள் கதவிடுக்கு வழியா இவங்க பாத்துட்டாங்க. படமா எடுத்தாங்க. மூணு நாட்டுல பரிசு. "ஊரெல்லாம் கைதட்டினாங்க. என் தங்கச்சி புருஷனும் கைதட்டினான். அன்னியிலேருந்து என் தங்கச்சி எனக்குக் கதவைத் திறக்கறதில்ல. ஆறு வருஷம் ஆச்சு."

பாவம்க்கா. அக்காவுக்குப் பரிசு வந்தா தங்கச்சிக்கு என்ன இவ்ளோ பொறாமை? நான் அதையே ஆறுதலா அவங்ககிட்ட சொன்னேன். அப்புறம் அம்மாவைக் காட்டி, "இதை இவங்களுக்கு மொழிபெயர்த்துச் சொல்லு"ன்னாங்க. சொன்னேன். அம்மா அவங்க கையிலேருந்து டம்ளரை வாங்கிக் கவுத்து வச்சுட்டு, டீ போட்டுக் கொடுத்தாங்க. எனக்குத் தரல. அப்ப ஆரம்பிச்சதுதான் இந்தப் பத்தொன்பது நாள்.

ஆனா ஒண்ணு சொல்லணும். நல்லது நடக்காம இல்ல. அப்பா சுத்தமா மாறிட்டார்! மறுநாளே ஆசாரியைக் கூப்பிட்டுச் சமையல்கட்டுக் கதவைக் கழட்டிட்டார். தாழ்ப்பாள் இல்ல, கதவே இல்ல. "ஆணுக்கும் பெண்ணுக்கும் நடுவுல இனிமே தடுப்பு கிடையாது"ன்னு தோழர்கள் முன்னாடி அறிவிச்சார். அவங்க எல்லாரும் வந்து கதவு இருந்த இடத்துல நின்னு போட்டோ எடுத்துக்கிட்டாங்க. அப்புறம் ஏழு காபி.

அதோட விட்டாரா? தெனமும் ரெண்டு மணி ஆனா அச்சகத்தை நிறுத்திட்டு, பிளாஸ்டிக் சேரை எடுத்துக்கிட்டு உள்ள வந்துருவார். "செண்பகம், இந்த அரை மணி நேரம் உனக்காக. இத்தனை வருஷம் நீ தனியா உக்காந்திருந்தியே, இனிமே தனியா இருக்க வேண்டாம்"னு சொல்லி எதிர்ல உக்காந்து, 'கண்ணுக்குத் தெரியாத உழைப்பு'ன்னு அவர் எழுதற கட்டுரையைச் சத்தமாப் படிச்சுக் காட்டுவார். நடுவுல நிறுத்தி, "நீ என்ன நினைக்கிற, மனம் விட்டுச் சொல்லு"ம்பார். எந்த வீட்டு ஆம்பளை இதைச் செய்வார்? சொல்லுங்க. இதெல்லாம் என்னாலதானே வந்துச்சு? அதுக்கு எனக்கு ஒரு தோசை கூடுதலா விழ வேண்டாமா?

ஏன்க்கா அப்படிப் பாக்குறீங்க?

சரி, நான் சும்மா இருக்கல. எல்லாக் குரல்லயும் மன்னிப்புக் கேட்டுப் பாத்துட்டேன். ரெஜினா மிஸ் குரல்ல, பேராசிரியர் குரல்ல, டைரக்டரம்மா குரல்லகூட, அந்த 'ர'வை உருட்டி உருட்டி. ஒண்ணும் நடக்கல. ஒரே ஒருதரம் அம்மா நிமிர்ந்து பாத்தாங்க. ஏதோ கேக்கப் போறாங்கன்னு நினைச்சேன். அடுப்பைத் துடைக்கப் போயிட்டாங்க.

போன வாரத்துலேருந்து புதுசா ஒண்ணு. ரெண்டு மணிக்கு அப்பா சேரைத் தூக்கிக்கிட்டு வர்றார், அம்மா பையைத் தூக்கிக்கிட்டு போறாங்க. "எங்க?" "வந்துடறேன்." இன்னிக்கு சனிக்கிழமை, ஸ்கூல் இல்ல. பின்னாடியே வந்தேன். கடைக்குப் போகல. கோயிலுக்குப் போகல. நேரா பஸ் ஸ்டாண்டுக்கு வந்து இந்த டவுன் பஸ்ல ஏறி உக்காந்துட்டாங்க. யாரைப் பாக்கப் போறாங்களோன்னு எனக்குத் திக்குனு ஆயிருச்சு. ஏறும்போதே கண்டக்டர் அண்ணன்கிட்ட மெதுவாக் கேட்டேன். "அந்தம்மாவா? ஒரு வாரமா வருது. கடைசி ஸ்டாப்பு வரைக்கும் வரும். இறங்காது. அதே பஸ்ல திரும்பிரும். நமக்கென்ன, பொம்பளைங்களுக்கு ஓசிதானே"ன்னார்.

பாருங்களேன். வெளியில என்ன இருக்கு? தென்னந்தோப்பு. அப்புறம் உப்பளம். ரெண்டு ஆடு. இதை ஒரு வாரமா என்னத்தைப் பாக்கறாங்க? முகத்தைப் பாருங்க, அரிசி டின் மேல உக்காந்திருந்தப்ப இருந்த அதே முகம். கரண்டி மட்டும்தான் கையில இல்ல. இங்க யாருக்காகத் தட்டணும்?

இல்ல... நான் சும்மா சொன்னேன். சொன்னப்புறம்தான் எனக்கே...

இருங்க, போன் அடிக்குது. என்னோடது இல்ல, அம்மாவோடது. வீட்டுலயே விட்டுட்டு வந்துட்டாங்க, கொடுக்கலாம்னுதான் கையில எடுத்துக்கிட்டு ஓடி வந்தேன். அப்பாக்கா! எடுக்கலன்னா அடிச்சுக்கிட்டே இருப்பார். அப்புறம் எனக்கு அடிப்பார். நான் பஸ்ல இருக்கேன்னா எந்த பஸ், அம்மா எங்கம்பார். நாளைக்கு இந்த பஸ்ல சேர் போட்டு எதிர்ல உக்காந்து கட்டுரை படிப்பார். செய்வாருக்கா, நிச்சயமாச் செய்வார்.

ஷ்ஷ். ஒரு நிமிஷம் பேசாம இருங்க.

"ம், சொல்லுங்க. மில்லுல நிக்கிறேங்க... மாவு மில்லுதான், வேறெந்த மில்லு. மெஷின் ஓடுதுல்ல, அதான் இரைச்சல்... மிளகாய். அரைச்சு ஆறப் போட்டுத்தான் கொடுப்பான்... நேத்து அரைச்சது மல்லி. நாளைக்கு ஞாயித்துக்கிழமைன்னா என்ன, மில்லு உண்டு, கோதுமை வறுத்து வச்சிருக்கேன். திங்கள்கிழமை சீயக்காய். செவ்வாய்க்கிழமை கேப்பை. அப்புறம் புழுங்கலரிசி ஊற வச்சுக் காய வச்சு, அது ஒரு வாரம் ஓடும்... வேண்டாங்க, நீங்க வராதீங்க. தூசு. உங்களுக்குத் தும்மல் வரும்... படிங்க, நீங்களே படிச்சுக்கிட்டு இருங்க. வந்து கேட்டுக்கறேன்... பொண்ணா? எங்கயாவது ஊர்சுத்திக்கிட்டு இருக்கும் கழுதை. வச்சிடறேன்."

கண்டுபிடிக்கலக்கா! பத்தொன்பது வருஷமா குடும்பம் நடத்தறார், பொண்டாட்டி குரலுக்கும் என் குரலுக்கும் வித்தியாசம் தெரியல. ஆனா அம்மா இவ்ளோ நீளமா அவர்கிட்ட பேசி நான் கேட்டதே இல்ல. அதுல கூடவா சந்தேகம் வரல?

அய்யோ. கேட்டிருக்கும் இல்ல? பஸ்ஸுக்கே கேட்டிருக்கும். அம்மா திரும்பினாங்களா? நீங்க பாருங்க, என்னால முடியல.

திரும்பலையா? தோள் குலுங்குச்சா? ரெண்டு தரமா? அது சிரிப்பா, இல்ல ரோட்டுல பள்ளமா? நான் இருந்த குஷியில பள்ளம் வந்துச்சா இல்லையான்னே கவனிக்கல.

பக்கத்து சீட்டு காலியாத்தான் இருக்கு. போய் உக்காந்து, "அம்மா, ஒரு வாரத்துக்கு மில்லு பேசி வச்சிருக்கேன்"னு சொன்னா பேசிருவாங்க. கண்டிப்பாப் பேசிருவாங்க. பத்தொன்பது நாளா இதுக்குத்தானே அலையறேன்...

ஆனா பேசிட்டா, அப்புறம் பேசிக்கிட்டே இருக்கணும் இல்ல? நான் விடமாட்டேனே. ஊர் போய்த் திரும்பற வரைக்கும் காதைத் தின்னுருவேன்.

நான் இந்த ஸ்டாப்புலயே இறங்கிக்கறேன்க்கா. எதிர்ல வர்ற பஸ்ல திரும்பிருவேன். இந்தப் போனை ஆஃப் பண்ணிட்டேன். நீங்க இறங்கும்போது அவங்க மடியில வச்சுட்டுப் போயிருங்க. யார் கொடுத்தான்னு கேக்கமாட்டாங்க. நீங்களும் எதுவும் சொல்லாதீங்க. உப்பளம் வந்ததும் வெயில் அந்தப் பக்கமாத்தான் அடிக்கும், கண்ணு கூசுமே, இந்தப் பக்கம் மாறி உக்காரச் சொல்லலாமேன்னு தோணும். சொல்லாதீங்க.